மனு கொடுத்தே போன ஐந்து வருடம்: என் பதவி உயர்வு வழக்கு

2012 ஆகஸ்ட்டில் கண்காணிப்பாளர் பதவிக்கான பேனல், அதாவது பதவி உயர்வுக்குத் தேர்வானவர்களின் பட்டியல், வெளிவந்த அன்று, அந்தப் பட்டியலை மூன்று முறை படித்தேன். என் பெயர் இருக்க வேண்டிய இடத்தில், பணிமூப்பில் எனக்கு அடுத்தவரின் பெயர் இருந்தது. அவருக்குக் கீழே இன்னும் பத்துப் பேர். பதினொரு பேருமே எனக்கு இளையவர்கள்.

அப்போது நான் தமிழ்நாடு அரசில் ஒரு துறையின் மாவட்ட அலுவலகத்தில் உதவியாளர். துறைத் தேர்வுகள் எல்லாம் எப்போதோ தேறிவிட்டேன். அரசு ஊழியர்களுக்கான பவானிசாகர் பயிற்சியும் முடித்தாயிற்று. தகுதியில் எந்தக் குறையும் இல்லை. ஒன்றே ஒன்றுதான் இருந்தது. 2009இல் ஒரு கோப்பு தாமதமானதற்காக எனக்கு 17(ஆ) குறிப்பாணை, அதாவது ஒழுங்கு விதிகளின் அந்தப் பிரிவில் குற்றச்சாட்டு, கொடுத்திருந்தார்கள். விசாரணை நடந்தது, தவறு என்னுடையது இல்லை என்று தெரிந்தது, 2011 நவம்பரில் மேல்நடவடிக்கை கைவிடப்பட்டது. அந்த ஆணையை வாங்கிக் கொண்டுபோய் வீட்டு பீரோவில் வைத்தேன். மனசில் இருந்த பாரம் இறங்கியது, விஷயம் முடிந்தது என்று நினைத்தேன்.

விஷயம் முடியவில்லை என்று அடுத்த ஆண்டு பேனல் வந்த பிறகுதான் தெரிந்தது. அந்தப் பேனலுக்குத் தகுதி நாள் 2012 மார்ச் 15. அன்றைய தேதியில் ஒருவர் மீது 17(ஆ) நிலுவையில் இருந்தால் பெயரை விட்டுவிடுவார்கள். என்மீது எதுவும் நிலுவையில் இல்லை. ஆனால் ஒழுங்கு நடவடிக்கையைப் பார்க்கும் பிரிவு போட்ட கைவிடல் ஆணையின் நகல், பேனல் தயாரிக்கும் பணியமைப்புப் பிரிவுக்குப் போகவே இல்லை. இரண்டு பிரிவுகளும் ஒரே மாடியில்தான் இருந்தன. என் பணிப்பதிவேட்டிலும் அது பதியப்படவில்லை. அதனால் குறிப்பில் "17(ஆ) நிலுவை" என்று எழுதி, ஒரு வரியில் என்னைத் தாண்டிப் போய்விட்டார்கள்.

இதை நான் தெரிந்துகொண்டது பல ஆண்டுகள் கழித்துத்தான். அப்போது தெரிந்ததெல்லாம் பெயர் இல்லை என்பது மட்டும். மறுநாளே மேலதிகாரியைப் பார்த்தேன். நல்ல மனிதர்தான். "அடுத்த பேனல்ல வந்துடும்மா, ஒரு வருஷம்தானே. கோர்ட்டு கேசுன்னு போயிட்டா எல்லாருக்கும் சங்கடம்" என்றார். நானும் ஒரு மனு எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

அடுத்த ஆண்டுப் பேனலில் பெயர் வந்தது. 2013இல் கண்காணிப்பாளர் ஆனேன். ஆனால் பணிமூப்பு திரும்பி வரவில்லை. கண்காணிப்பாளர் முதுநிலைப் பட்டியலில் (பணிமூப்பு வரிசையில்) அந்தப் பதினொரு பேருக்கும் கீழே போய்விட்டேன். அதற்கு மேலுள்ள பதவிகள் மிகக் குறைவு. பதினொரு இடம் கீழே போவது என்றால், ஓய்வு பெறும் வரை அந்தப் பதவியைப் பார்க்காமலே போகலாம் என்று பொருள். ஒரு வருடச் சம்பள வித்தியாசம் என்று நான் நினைத்தது என் பணிக்காலம் முழுவதையும் தொட்டது.

அப்புறம் மனு, நினைவூட்டு, மறுபடி மனு. 2013 முதல் 2017 வரை ஏழு மனுக்கள் கொடுத்தேன். எல்லாம் உரிய வழியாக, பணிவாக. இரண்டுக்கு "பரிசீலனையில் உள்ளது" என்று பதில் வந்தது. அந்தப் பதில் கையில் இருப்பதே ஒரு பாதுகாப்பு என்று நம்பினேன். என் வாழ்க்கையில் நான் செய்த மிகப் பெரிய தவறு அந்த நம்பிக்கைதான். இதைப் படிக்கிறவர்களில் ஒருவராவது அந்தத் தவறைச் செய்யாமல் இருக்க வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

2017இல் முதல் முறையாக ஒரு வக்கீலிடம் போனேன். பணி தொடர்பான வழக்குகளை மட்டுமே நடத்துகிறவர். என் கோப்பைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "மேடம், கேஸ் நல்ல கேஸ். ஆனா 2012லயே வந்திருக்கணும்" என்றார். ஏழு மனுக்களையும் எடுத்துக் காட்டினேன். "நீங்க மனு கொடுத்துட்டே இருந்தா காலம் நிக்காது" என்றார்.

அன்று அவர் எனக்கு இரண்டு தீர்ப்புகளை விளக்கினார். ஒன்று, 1974இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பி.எஸ். சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு. நம் மாநிலத்து வழக்குதான். 1957இல் இளையவருக்குக் கொடுத்த பதவி உயர்வை எதிர்த்து 1971இல் நீதிமன்றம் போனார் ஒரு பொறியாளர். பதினான்கு ஆண்டு. தன்னைத் தாண்டி இளையவருக்குப் பதவி உயர்வு போனால் ஆறு மாதத்துக்குள், அதிகம் போனால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் வந்துவிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அரசின் தவறை எதிர்த்து அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட இத்தனை நாள் என்று சட்டத்தில் காலக்கெடு கிடையாது. அதை வைத்துக்கொண்டுதான் பலர் காத்திருக்கிறார்கள். கெடு இல்லைதான், ஆனால் தாமதமாக வந்தால் நீதிமன்றம் கதவைத் திறக்காமல் இருக்கலாம். நியாயம் முழுவதும் நம் பக்கம் இருந்தாலும் அப்படித்தான்.

மற்றொன்று 2008இல் வந்த சி. ஜேக்கப் வழக்கு. அதுவும் தமிழ்நாட்டிலிருந்து போனதுதான். பணி போய்ப் பதினெட்டு ஆண்டு கழித்து ஒருவர் மனு கொடுக்கிறார். "பரிசீலிக்கவும்" என்று ஓர் ஆணை கிடைக்கிறது. துறை பரிசீலித்து நிராகரிக்கிறது. அந்த நிராகரிப்பை வைத்துப் புது வழக்குப் போட்டால், பழைய கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வழக்கு எதற்காக எனக்குச் சொல்லப்பட்டது என்று அன்று சரியாகப் புரியவில்லை.

சரி, பிறகு என்ன செய்வது? முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடச் சொன்னார். பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டிய ஒரு தாள். 2012 பேனல் தயாரித்த கோப்பின் குறிப்புப் பக்கங்கள், என் பெயர் விடுபட்டதற்கான காரணம், என்மீதான ஒழுங்கு நடவடிக்கை ஆணை எந்தத் தேதியில் எந்தப் பிரிவில் பெறப்பட்டது என்ற விவரம், என் பணிப்பதிவேட்டின் நகல். கேட்டது இவ்வளவுதான். சட்டப்படி முப்பது நாளில் பதில் தர வேண்டும். வரவில்லை. முதல் மேல்முறையீடு செய்த பிறகு வந்தது. அந்தக் குறிப்புப் பக்கத்தில்தான் "17(ஆ) நிலுவை" என்ற வரியைப் பார்த்தேன். ஐந்து ஆண்டாக என் மனுக்களில் "எனக்கு அநீதி இழைக்கப்பட்டது" என்றே எழுதி வந்திருக்கிறேன். "2011 நவம்பரிலேயே முடிந்த நடவடிக்கையை 2012 மார்ச்சில் நிலுவை என்று தவறாகக் கருதிவிட்டீர்கள்" என்ற ஒரு வரியை எழுதவே இல்லை. எழுதியிருந்தால் 2012 செப்டம்பரிலேயே யாராவது ஒரு எழுத்தர் கோப்பைத் தேடி எடுத்துத் திருத்தியிருக்கக்கூடும்.

தகவல் கேட்பதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அடுத்தவரின் மந்தண அறிக்கையையோ (மேலதிகாரி ஆண்டுதோறும் எழுதும் பணி மதிப்பீடு) அவர்மீதான நடவடிக்கை விவரங்களையோ கேட்டால், தனிப்பட்ட தகவல் என்று மறுத்துவிடுவார்கள். அதற்கும் தீர்ப்பு இருக்கிறது. உங்களைப் பற்றியதை மட்டும் கேளுங்கள். உங்கள் மந்தண அறிக்கையை உங்களுக்குத் தர வேண்டும் என்பது 2008இல் தேவ் தத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பாதகமான குறிப்பு மட்டுமல்ல, எல்லாக் குறிப்பையும் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும். 2013இல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை உறுதி செய்தது. மத்திய அரசில் பணியாற்றும் என் தங்கைக்கு இது நேரடியாகப் பயன்பட்டது. "நன்று" என்று ஓர் ஆண்டு மதிப்பீடு போட்டிருந்தார்கள், ஆனால் அவளுடைய பதவி உயர்வுக்கு "மிக நன்று" தேவை. யாரும் அவளிடம் சொல்லவில்லை.

வழக்குக்கு வருகிறேன். முதல் ரிட் மனு 2017இல் போட்டோம். நான்கே வாரத்தில் முடிந்துவிட்டது. "மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்துப் பன்னிரண்டு வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்கவும்." நீதிமன்ற வளாகத்திலிருந்தே வீட்டுக்குப் போன் செய்து ஜெயித்துவிட்டேன் என்று சொன்னேன். வக்கீல் மட்டும் சிரிக்கவில்லை. அந்த ஆணையில் எனக்குப் பதவி உயர்வுத் தேதியை மாற்றித் தரவும் என்று ஒரு சொல்லும் இல்லை. பரிசீலிக்கவும் என்றுதான் இருந்தது. துறை பரிசீலித்தது. 2018 தொடக்கத்தில் ஒரு பக்கச் செயல்முறை ஆணை வந்தது. "காலம் கடந்த கோரிக்கை, ஏற்பதற்கில்லை." சி. ஜேக்கப் வழக்கு ஏன் எனக்குச் சொல்லப்பட்டது என்று அப்போதுதான் புரிந்தது.

உங்கள் குறை புதிதாக இருந்து, துறை பதிலே சொல்லாமல் இருந்தால், பரிசீலிக்கச் சொல்லும் ஆணை உதவும். குறை பழையது என்றால் அது இன்னும் ஆறு மாதத்தைத் தின்றுவிட்டுப் போகும். ஆணை எந்த வகை என்பதை வக்கீலிடம் முன்பே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

இரண்டாவது ரிட் மனுவில்தான் உண்மையான வழக்கு தொடங்கியது. அதற்கு முன் வக்கீல் என்னிடம் ஒரு பட்டியல் கேட்டார். பதினொரு பேரின் பெயர், பதவி, அலுவலக முகவரி. அவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். என் பணிமூப்பு மேலே போனால் அவர்களுடையது கீழே இறங்கும். பாதிக்கப்படுகிறவர்களைக் கேட்காமல் நீதிமன்றம் ஆணையிடாது. அவர்களைச் சேர்க்காத காரணத்துக்காகவே தள்ளுபடியான பணிமூப்பு வழக்குகள் ஏராளம்.

எனக்கு அது சட்டத்தைவிடக் கடினமாக இருந்தது. அந்தப் பதினொரு பேரில் ஒருவர் என் பக்கத்து இருக்கை. பன்னிரண்டு வருடமாக ஒன்றாகச் சாப்பிட்டவர்கள் நாங்கள். அவர் மகள் கல்யாணத்தில் நான்தான் மொய் எழுதினேன். அவருக்கு நோட்டீஸ் போவதற்கு முந்தின நாள் நானே போய்ச் சொன்னேன். "தம்பி, உன்மேல எனக்கு ஒண்ணும் இல்ல. துறை செஞ்ச தப்பு. ஆனா உன் பேரு இல்லாம கேஸ் நிக்காது." கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். "அக்கா, உங்க எடத்துல நான் இருந்தாலும் இதைத்தான் செஞ்சிருப்பேன். ஆனா நானும் வக்கீல் வெப்பேன், தப்பா எடுத்துக்காதீங்க" என்றார். வைத்தார். அவர் தரப்பு வாதம்தான் எனக்கு எதிராக இருந்தவற்றில் வலுவானது: "நாங்கள் ஆறு ஆண்டாக இந்தப் பணிமூப்பை நம்பி இருக்கிறோம். தவறு எங்களுடையது இல்லை." அதில் பொய் எதுவும் இல்லை. தாமதம் ஏன் இவ்வளவு பெரிய குற்றம் என்பது எந்தத் தீர்ப்பைப் படித்தும் எனக்கு விளங்கவில்லை, அவர் முகத்தைப் பார்த்து விளங்கியது. நான் மனு எழுதிக்கொண்டு சும்மா இருந்த காலத்தில் இன்னொருவரின் வாழ்க்கை அந்தப் பட்டியலின்மீது கட்டப்பட்டுவிட்டது.

சங்கடமாக இருந்தாலும் நோட்டீஸ் போகும் முன் நேரில் சொல்லிவிடுங்கள் என்பது என் எண்ணம். சொல்லாமல் விட்ட மற்ற ஊர்க்காரர்கள் மூன்று பேர் இன்றுவரை என்னுடன் பேசுவதில்லை.

துறையின் பதில் மனு வர ஒன்றரை ஆண்டு ஆனது. அதில் மூன்று வாதங்கள். தாமதம், பதவி உயர்வு யாருக்கும் உரிமை அல்ல, 2013இல் பதவி உயர்வை ஏற்றுக்கொண்டதால் இப்போது கேட்க முடியாது. இரண்டாவது வாதம் பாதி உண்மை. பதவி உயர்வு பெறுவது அடிப்படை உரிமை இல்லை. ஆனால் தகுதியுள்ளவர் பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அரசியலமைப்பின் 16ஆவது பிரிவின் கீழ் அடிப்படை உரிமை என்று 1999இல் அஜித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொல்லியிருக்கிறது. என்னைப் பரிசீலித்து வேண்டாம் என்று விட்டிருந்தால் வேறு கதை. இல்லாத நிலுவையைக் காட்டிப் பரிசீலிக்காமலே விட்டார்கள். 17(ஆ) போன்ற குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கப்பட்டால்தான் நடவடிக்கை தொடங்கியதாகும், வெறும் முதற்கட்ட விசாரணையைக் காட்டிப் பதவி உயர்வை நிறுத்த முடியாது என்பதை 1991இல் ஜானகிராமன் வழக்கு தெளிவாக்கிவிட்டது. அப்படியிருக்க, முடிந்தே போன நடவடிக்கையைக் காட்டி நிறுத்துவது எங்கே நிற்கும்? என் வக்கீல் இதைத்தான் வாதிட்டார்.

2021இல் தீர்ப்பு வந்தது. துறை செய்தது தவறு என்று நீதிபதி வெளிப்படையாக எழுதினார். எனக்கு அடுத்த இளையவர் பதவி உயர்வு பெற்ற 2012ஆம் ஆண்டுத் தேதியிலிருந்து எனக்கும் கருத்தியலான பதவி உயர்வு, அதாவது அன்றே கிடைத்ததாக ஏட்டளவில் கருதுவது. ஊதியத்தை அந்தத் தேதியிலிருந்து திருத்தி நிர்ணயிக்க வேண்டும், ஓய்வூதியத்துக்கு அது கணக்கில் வரும். நிலுவைத் தொகை கிடையாது. ஏற்கெனவே அடுத்த பதவிக்குப் போய்விட்டவர்களின் பணிமூப்பைத் தொட முடியாது.

பாதிதான் கிடைத்தது. ஏன் பாதி என்பதற்கும் காரணம் இருக்கிறது. 2008இல் தர்செம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு கோடு போட்டது. சம்பளம், ஓய்வூதியம் போன்றவற்றில் தவறு மாதாமாதம் தொடர்கிறது, அதனால் தாமதமாக வந்தாலும் ஓரளவு நிவாரணம் தரலாம். பணிமூப்பு, பதவி உயர்வு போல மற்றவர்களைப் பாதிக்கும் விஷயத்தில் தாமதம் கோரிக்கையையே பழையதாக்கிவிடும். என் வழக்கு அந்தக் கோட்டில் சரியாக இரண்டாக வெட்டப்பட்டது. மேல்முறையீடு செய்ய முப்பது நாள் இருந்தது. யோசித்தேன், போகவில்லை. பணியில் இன்னும் மூன்று ஆண்டுதான் மிச்சம் இருந்தது.

இந்த அனுபவத்துக்குப் பிறகு இப்படிப்பட்ட குறையோடு என்னைத் தேடி வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்கும் கேள்வி, "தற்காலிக முதுநிலைப் பட்டியல் எந்தத் தேதியில் வந்தது?" என்பதுதான். இறுதிப் பட்டியலுக்கு முன் அது சுற்றுக்கு வரும், ஆட்சேபணைக்கு நாள் கொடுப்பார்கள். கையெழுத்துப் போட்டுவிட்டு யாரும் படிப்பதில்லை. பிறந்த தேதி, பணியில் சேர்ந்த தேதி, தேர்வாணையத்தின் தரவரிசை எண், தகுதிகாண் பருவம் முடிந்த நாள், துறைத் தேர்வு தேறிய நாள், எல்லாவற்றையும் ஒரு முறை சரிபாருங்கள். தவறு இருந்தால் எந்த வரிசை எண்ணில், எந்தத் தேதி தவறு, சரியான தேதிக்கு ஆதாரம் எது என்று எழுதி, அலுவலக நகலில் முத்திரையுடன் பெறப்பட்ட தேதி வாங்குங்கள். தபாலில் அனுப்பினால் ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள். சென்ற ஆண்டு ஒரு பெண் வந்தாள், ஆட்சேபணைக்கு நான்கு நாள் மிச்சம். இருவரும் உட்கார்ந்து ஒரே பக்கத்தில் எழுதினோம். மூன்று வாரத்தில் திருத்தம் வந்துவிட்டது.

மத்திய அரசு ஊழியர்களுக்குப் பாதை வேறு. 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குத்தான் முதலில் போக வேண்டும். அங்கே காலக்கெடு சட்டத்திலேயே இருக்கிறது. இறுதி ஆணை வந்த நாளிலிருந்து ஓராண்டு. மேல்முறையீட்டுக்குப் பதிலே வராவிட்டால் ஆறு மாதம் காத்திருந்து, அதற்குப் பின் ஓராண்டு. மாநில ஊழியர்களுக்குத் தனித் தீர்ப்பாயம் ஒரு காலத்தில் இருந்தது, கலைத்துவிட்டார்கள். இப்போது நேராக உயர் நீதிமன்றம், தென்மாவட்டத்தார் என்றால் மதுரைக் கிளை.

தீர்ப்பு வாங்கிவிட்டால் முடிந்தது என்றும் நினைக்க வேண்டாம். தேர்வாணையம் வழியாக வந்தவர்களின் பணிமூப்பு மதிப்பெண் தரவரிசைப்படியா, இனச்சுழற்சிப்படியா (இட ஒதுக்கீட்டுச் சுழற்சி வரிசை) என்ற வழக்கு எல்லோரும் அறிந்தது. தரவரிசைதான் என்பது 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வரை போய் முடிந்தது. அதே ஆண்டு வந்த பணி நிபந்தனைகள் சட்டம் இனச்சுழற்சியை முன்தேதியிட்டுக் கொண்டுவந்தது. 2019இல் உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவுகளை ரத்து செய்தது. 2021 அக்டோபரில், தீர்ப்பை நிறைவேற்றாததற்கான நீதிமன்ற அவமதிப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் மறுபடி தலையிட்டுத்தான் பட்டியலைத் திருத்தக் கெடு வைத்தது. பலரின் பணிமூப்பைத் தொட்ட வழக்குக்கே அந்த நிலை. தனி ஆளின் ஆணை கோப்புக்குள் தூங்குவதில் வியப்பில்லை. அவமதிப்பு வழக்குக்கு ஓராண்டுதான் கெடு. ஆணையில் சொன்ன காலம் முடிந்த நாளை நாட்காட்டியில் குறித்து வையுங்கள்.

எனக்கு அவமதிப்பு வழக்குத் தேவைப்படவில்லை, வக்கீல் நோட்டீஸ் போதுமானதாக இருந்தது. 2022 பிப்ரவரியில் ஊதியத் திருத்த ஆணை வந்தது. இந்த முறை அதை வீட்டுக்குக் கொண்டுபோகவில்லை. ஐந்து நகல் எடுத்தேன். பணியமைப்புப் பிரிவு, ஒழுங்கு நடவடிக்கைப் பிரிவு, பட்டியல் எழுதும் பிரிவு, மூன்றிலும் நானே நேரில் கொடுத்துக் கையெழுத்து வாங்கினேன். பிறகு பணிப்பதிவேட்டை எடுத்துவரச் சொல்லி, எழுத்தர் பதிவு போட்டு அதிகாரி சான்றொப்பமிடும் வரை பக்கத்திலேயே நின்றேன். அந்தப் பக்கத்துக்கு முந்தைய பக்கத்தில் 2011 நவம்பர் கைவிடல் ஆணைக்கும் பதிவு போடச் சொன்னேன். பத்தாண்டு கழித்து அன்றுதான் அது ஏறியது.